கூடமும் அறையும்

அறுபதுகளில் கோடம்பாக்கத்தில் ஒரு பாடல் பதிவாக வேண்டுமென்றால் நாற்பது, ஐம்பது பேர் ஒரே கூரையின் கீழ் கூட வேண்டும். வயலின் வாசிப்பவர்கள் மட்டும் பத்துப் பதினைந்து பேர் இருப்பார்கள். தபலா, டோலக், பாங்கோஸ், புல்லாங்குழல், கிதார், மாண்டலின், அக்கார்டியன், ஷெனாய் என்று ஒவ்வொன்றுக்கும் ஒருவர் இருவர். கோரஸ் பாடும் பெண்கள் ஒரு பக்கம், பாடகரும் பாடகியும் மறுபக்கம், கண்ணாடிக்கு அப்பால் ஒலிப்பதிவாளர். ஒரு கால்ஷீட்டுக்குள், அதாவது காலையில் தொடங்கி மதியச் சாப்பாட்டுக்குள், ஒத்திகை முடிந்து, டேக் ஓகே ஆகி, எல்லோரும் வாத்தியங்களை உறையில் போட்டிருக்க வேண்டும்.

இன்று சாலிகிராமத்திலோ வளசரவாக்கத்திலோ ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பில் ஓர் அறை போதும். மேசையில் ஒரு கணினி, ஒரு கீபோர்டு, இரண்டு ஸ்பீக்கர், ஒரு மைக். இரவுச் சாப்பாடு முடிந்து உட்கார்ந்தால் விடியும்போது ஒரு பாடல் உருவாகியிருக்கும். பாடகர் தன் வீட்டிலேயே பாடிக் குரலை அனுப்புவார். பாடலாசிரியர் வாட்ஸ்அப்பில் வரிகளை அனுப்புவார். படத்தின் இயக்குநர் வெளியூர்ப் படப்பிடிப்பில் இருந்தபடியே கேட்டுவிட்டுத் திருத்தம் சொல்வார். பாடலோடு சம்பந்தப்பட்ட எவரும் மற்றவரை நேரில் பார்க்காமலே பாடல் வெளியாகிவிடலாம்.

இந்த இரண்டு இடங்களுக்கும் நடுவே ஒரு தொழில் முழுதாக உருமாறியிருக்கிறது. இசையமைப்பாளர் என்ற பெயர் அப்படியேதான் இருக்கிறது. ஆனால் அந்தப் பெயருக்குரியவர் தொழிலைக் கற்கும் வழி, அவர் வேலை செய்யும் முறை, அவரைச் சுற்றி வாழும் மனிதர்கள், அவருக்கு வந்து சேரும் பணம் ஆகிய எல்லாமே மாறிவிட்டன.

தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' 1931-இல் வந்தபோது அதில் ஐம்பது பாடல்கள் வரை இருந்தன. நடிப்பவரே பாட வேண்டும். பக்கவாத்தியக்காரர்கள் காமிராவின் கண்ணில் படாமல் உட்கார்ந்து வாசிக்க வேண்டும். முப்பதுகளின் இறுதியில் பின்னணிப் பாடல் முறை வந்த பிறகுதான் பாட்டு படப்பிடிப்புத் தளத்தை விட்டுப் பிரிந்து தனிக் கூடத்துக்குள் போனது. இன்று நாம் இசையமைப்பாளர் என்று சொல்லும் ஆளுமை அந்தக் கூடத்தில்தான் வளர்ந்தது. ஜி. ராமநாதன், எஸ்.வி. வெங்கட்ராமன், சி.ஆர். சுப்பராமன், எஸ்.எம். சுப்பையா நாயுடு ஆகியோரின் காலம் அது.

அந்தக் காலத்தில் இத்தொழிலுக்கு வர ஒரே வழிதான் இருந்தது: ஏற்கெனவே இருக்கும் ஒருவரிடம் போய்ச் சேருவது. எம்.எஸ். விசுவநாதன் ஜுபிடர் பிக்சர்ஸில் எடுபிடிப் பையனாகச் சேர்ந்தவர். சுப்பையா நாயுடுவின் பக்கத்தில் நின்று பழகினார். பிறகு சுப்பராமனிடம் போனார். அங்கே வயலின் வாசித்துக்கொண்டிருந்தவர் டி.கே. ராமமூர்த்தி. 1952-இல், முப்பது வயதுகூட ஆகாத நிலையில், சுப்பராமன் இறந்துவிட்டார். அவர் பாதியில் விட்டுப் போன 'தேவதாஸ்' படத்தின் வேலையை முடித்துக் கொடுத்தவர்கள் இந்த இரண்டு உதவியாளர்கள்தான். அதே ஆண்டு 'பணம்' படத்தில் விசுவநாதன் – ராமமூர்த்தி என்ற இரட்டைப் பெயர் திரையில் வந்தது. 1965 வரை அந்தக் கூட்டு நீடித்தது.

அடுத்த தலைமுறையும் அதே படிக்கட்டில்தான் ஏறியது. பண்ணைப்புரத்திலிருந்து வந்த இளையராஜா, தன்ராஜ் மாஸ்டரிடம் மேற்கத்திய இசை படித்தார், ஜி.கே. வெங்கடேஷின் குழுவில் கிதார் வாசித்தார், உதவியாளராக இருந்தார். 1976-இல் 'அன்னக்கிளி' வந்தபோது அவர் புதியவராகத் தெரிந்தார். ஆனால் கூடத்துக்கு அவர் பழையவர். அதே வெங்கடேஷிடம் உதவியாளராக இருந்த இன்னொருவர் எல். வைத்தியநாதன். ஏ.ஆர். ரகுமானின் தந்தை ஆர்.கே. சேகர் மலையாளப் படங்களுக்கு இசையமைத்தவர். அவர் 1976-இல் காலமானபோது மகனுக்கு ஒன்பது வயது. அவர் விட்டுச் சென்ற வாத்தியங்களை வாடகைக்குக் கொடுத்துக் குடும்பம் நடந்தது. பள்ளிச் சிறுவனாகவே ரகுமான் அந்தக் கீபோர்டுகளோடு கூடத்துக்குள் நுழைந்தார். விசுவநாதன், இளையராஜா உட்படப் பலரிடம் வாசித்தார்.

இந்த வழி கடினமானது. உதவியாளராகப் பத்து வருடம், பதினைந்து வருடம் இருந்துவிட்டு, தன் பெயரில் ஒரு படம்கூடச் செய்யாமல் ஓய்ந்தவர்கள் மிகப் பலர். ஆனால் அங்கே கற்றுக்கொண்டது எந்தப் புத்தகத்திலும் கிடைக்காதது. குழல் வாசிப்பவருக்கு எந்த இடத்தில் மூச்சு வாங்க நேரம் கொடுக்க வேண்டும், பாடகியின் குரல் எந்தச் சுருதியில் அழகாக ஒலிக்கும், களைத்துப்போன வயலின் குழுவை மாலை ஐந்து மணிக்கு எப்படி மறுபடி உற்சாகமாக்குவது என்பதெல்லாம் அடுத்தவர் செய்வதைப் பார்த்துப் பார்த்து வருகிற ஞானம்.

இன்று வாசல்கள் பல. அநிருத் ரவிச்சந்தர் தன் முதல் பாடலால் உலகம் முழுக்க அறியப்பட்டபோது அவருக்கு வயது இருபத்தொன்று. 2011 நவம்பரில் அந்தப் பாடல் யூடியூபில் வந்தது. அது இடம்பெற்ற '3' படம் அடுத்த ஆண்டுதான் திரைக்கு வந்தது. சந்தோஷ் நாராயணன் ஒலிப்பதிவுத் தொழிலின் பக்கமிருந்து வந்து 2012-இல் 'அட்டகத்தி' செய்தார். 2018-இல் '96' படத்துக்கு இசையமைத்த கோவிந்த் வசந்தா, தைக்குடம் பிரிட்ஜ் என்ற கேரள இசைக்குழுவிலிருந்து வந்தவர். குறும்படத்துக்கு இசையமைத்துப் படத்துக்கு வருகிறார்கள், சுயாதீனப் பாடல் வெளியிட்டு வருகிறார்கள். எவருடைய வாசலிலும் காத்திருக்க வேண்டாம். எவருடைய சிபாரிசும் கட்டாயமில்லை. சென்னையில் தங்க வசதியற்ற ஒரு திறமைசாலிக்கு இது எவ்வளவு பெரிய விடுதலை என்பதை, அந்தக் காத்திருப்பிலேயே வயதைத் தொலைத்தவர்களைப் பார்த்தவர்கள் அறிவார்கள்.

மெட்டுப் போடும் முறையிலும் இதே விதமான மாற்றம். அன்று அது ஒரு கூட்டு உட்காரல். ஆர்மோனியத்தோடு இசையமைப்பாளர், எதிரே இயக்குநர், பக்கத்தில் தயாரிப்பாளர், வெற்றிலைத் தட்டோடு பாடலாசிரியர். இயக்குநர் கதைச் சூழலைச் சொல்வார். இசையமைப்பாளர் தத்தகாரத்தில் மெட்டைப் பாடுவார். கவிஞர் சொல் கொடுப்பார். கே.வி. மகாதேவனின் வழி வேறு. எழுதி முடித்த பாட்டைக் கையில் வாங்கி, அதன் சந்தத்திலிருந்தே மெட்டை எடுப்பவர் அவர். திரையிசைக்கான தேசிய விருது முதன்முதலாக 1967-ஆம் ஆண்டுக்கு அளிக்கப்பட்டபோது 'கந்தன் கருணை' படத்துக்காக அதைப் பெற்றவரும் அவரே. எந்த வழியானாலும், சொல்லும் மெட்டும் ஒரே அறையில் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டு பிறந்தன. ஒரு சொல் உட்காராவிட்டால் மெட்டு வளையும். மெட்டு பிடிவாதம் பிடித்தால் சொல் மாறும்.

இன்று மெட்டு தாளக்கட்டோடும் பின்னணி ஒலிகளோடும் ஏறத்தாழ முழுப் பாடலாகவே பாடலாசிரியர் கைக்குப் போகிறது. சொல் அதற்குள் இடம் தேடிக்கொள்ள வேண்டும். இயக்குநருக்கு இது வசதி. பாடல் கடைசியில் எப்படி ஒலிக்கும் என்பதை அவர் கற்பனை செய்ய வேண்டியதில்லை, காதாலேயே கேட்டுவிடலாம். ஆர்மோனியத்தையும் ஒரு மனிதக் குரலையும் வைத்துக்கொண்டு ஐம்பது வாத்தியங்களை மனத்தில் கேட்கும் பயிற்சி அன்றைய இயக்குநர்களுக்கும் தயாரிப்பாளர்களுக்கும் இருந்தது. அந்தப் பயிற்சிக்கு இன்று தேவை இல்லை.

பதிவு செய்யும் தொழில்நுட்பத்தில்தான் மிகப் பெரிய இடைவெளி. ஒற்றைத் தடத்தில் பதிவு செய்த நாட்களில் பாடகரும் இசைக்குழுவும் ஒரே நேரத்தில் பாடி வாசித்தார்கள். மைக்குகள் கொஞ்சம்தான். எனவே யார் எங்கே உட்காருகிறார் என்பதே கலவையை முடிவு செய்தது. புல்லாங்குழல் மைக்குக்குப் பக்கத்தில், தாள வாத்தியம் தள்ளி, ட்ரம்பெட் கூடத்தின் கோடியில். கடைசிச் சரணத்தில் ஒரு வயலின் பிசகினால் பல்லவியிலிருந்து மறுபடியும் எல்லோரும் தொடங்க வேண்டும். இசைத்தட்டின் ஒரு பக்கம் மூன்றரை நிமிடத்தைத் தாண்டாது என்பதால் பாட்டின் நீளமும் முன்பே அளந்து வைத்ததுதான். 'புதிய பறவை'யில் நாயகன் நிம்மதி தேடிப் புலம்பும் காட்சிக்காக எம்.எஸ்.வி.–ராமமூர்த்தி அத்தனை பெரிய இசைக்குழுவைத் திரட்டியது இந்தக் கட்டுப்பாடுகளுக்குள்தான். அது முழுக்க மனிதர்கள் எழுப்பிய ஒலி. பின்னால் சேர்க்கவோ வெட்டவோ வழியில்லாத ஒலி.

எண்பதுகளில் பல தடப் பதிவு பரவியது. பாடகர் ஒரு நாள், இசைக்குழு ஒரு நாள் என்று பிரிக்க முடிந்தது. பாடகர் வருமுன் வேறொருவர் பாடி வைக்கும் 'ட்ராக்' முறை வேரூன்றியது. 1986-இல் 'புன்னகை மன்னன்' படத்தின் இசையில் இளையராஜா கணினிவழி சீக்குவென்சரைப் பயன்படுத்தினார். 1989-இல் ரகுமான் கோடம்பாக்கத்தில் தன் வீட்டை ஒட்டியே பஞ்சதன் ரெக்கார்ட் இன் என்ற ஒலிப்பதிவுக் கூடத்தை அமைத்துக்கொண்டார். அங்கே விளம்பரங்களுக்கு இசையமைத்துப் பழகிய கையோடு 1992-இல் 'ரோஜா' செய்தார். இசையமைப்பாளர் வாடகைக் கூடத்துக்குப் போன காலம் முடிந்து, கூடம் இசையமைப்பாளரின் வீட்டுக்கு வந்த காலம் அந்தப் படத்தோடு தொடங்கியது என்று சொல்லலாம். எச். ஸ்ரீதர் போன்ற ஒலிப்பதிவாளர்கள் பாடலின் உருவாக்கத்திலேயே பங்காளிகள் ஆனார்கள். ஒரு பாடலை ஒரு கால்ஷீட்டில் முடிக்க வேண்டிய கட்டாயம் போனது. வாரக்கணக்கில் அதைத் திறந்து பார்த்து, ஒரு ஒலியை எடுத்து வேறொன்றை வைத்து, மறுநாள் மனம் மாறிப் பழையதையே திரும்பக் கொண்டுவர முடிந்தது.

பின்னணி இசையில் இந்த வேறுபாடு இன்னும் துல்லியமாகத் தெரியும். அன்று ரீ-ரெக்கார்டிங் கூடத்தின் ஒரு சுவரே திரை. படம் பதினான்கு, பதினைந்து ரீல். ஒரு ரீல் ஆயிரம் அடி. ஓடும் நேரம் பதினொரு நிமிடத்துக்குச் சற்று மேல். முதலில் ரீலை இசையில்லாமல் ஒரு தடவை ஓட்டிக் காட்டுவார்கள். அடிக்கணக்கு எண்களாக ஓடிக்கொண்டிருக்கும். கதவு எத்தனையாவது அடியில் திறக்கிறது, அம்மாவின் முகம் எத்தனையாவது அடியில் மாறுகிறது என்று இசையமைப்பாளர் குறித்துக்கொள்வார். விளக்கைப் போட்டதும் எழுத உட்காருவார். இளையராஜாவின் கூடத்தில் இந்த எழுத்து வேகம் ஒரு காட்சியாகவே பேசப்பட்டது. ஐந்து கோட்டு இசைத்தாளில் வயலினுக்கு ஒரு பகுதி, வியோலாவுக்கு ஒன்று, செல்லோவுக்கு ஒன்று, குழலுக்கு ஒன்று என்று எழுத எழுத, உதவியாளர்கள் படியெடுத்து ஒவ்வொருவரின் ஸ்டாண்டிலும் வைப்பார்கள். ஒரு ஒத்திகை. மறுபடி விளக்கு அணையும், ரீல் ஓடும், நடத்துநரின் கை உயரும், திரையைப் பார்த்தபடி மொத்தக் குழுவும் வாசிக்கும். எங்கே பிசகினாலும் ரீலைப் பின்னால் சுற்றி மறுபடி ஓட்ட வேண்டும். இப்படி மூன்று நான்கு நாட்களில் ஒரு முழுப் படம் முடிந்துவிடும். எண்பதுகளின் நடுவில் ஆண்டுக்கு நாற்பது, ஐம்பது படங்கள் அவர் செய்தது இந்த வேகத்தில்தான்.

இன்று படம் ஒரு கோப்பாகக் கணினிக்குள் வருகிறது. வசனம் மேல் தடத்தில், படம் ஒரு சின்னச் சட்டத்தில், கீழே நூற்றுக்கணக்கான இசைத் தடங்கள். எடிட்டிங் மேசையிலேயே வேறு படங்களின் இசையைத் தற்காலிகமாக வைத்து வெட்டியிருப்பார்கள். இயக்குநர் அதைப் பல வாரங்கள் கேட்டுப் பழகியிருப்பார். புதிய இசை முதலில் அந்தப் பழக்கத்தை வெல்ல வேண்டும். பாதி வேலை முடிந்த பிறகு காட்சியின் நீளம் மாறும்; இரண்டு நொடி குறையும், இசையும் குறைய வேண்டும். ஒரு காட்சிக்கு நான்கு வடிவம், ஐந்து வடிவம் போகும். ஒரு படத்துக்கு ஒரு மாதம், சில படங்களுக்கு அதற்கும் மேல்.

இதில் கிடைத்த நன்மையைக் குறைத்துச் சொல்ல முடியாது. 1995-இல் 'குருதிப்புனல்' டால்பி ஒலியமைப்போடு வந்தது. பாடல்களே இல்லாத அந்தப் படத்தில் மகேஷ் மகாதேவனின் பின்னணி இசை தனித்துக் கேட்டது. ஒலி திரைக்குப் பின்னாலிருந்து மட்டும் வந்த காலம் அதன் பிறகு வேகமாக மறைந்தது. ஒரு கிசுகிசுப்பும் ஒரு தம்புராவின் மெல்லிய அதிர்வும் இன்று தியேட்டரின் கடைசி வரிசைக்கும் போய்ச் சேருகின்றன. பின்னணி இசை தனிக் கலையாக மதிக்கப்படுகிறது. 2009-ஆம் ஆண்டுப் படங்களுக்கான தேசிய விருதுகளில் பாடலுக்கும் பின்னணி இசைக்கும் தனித்தனியே பரிசு கொடுத்தார்கள். பின்னணி இசைக்கான விருது 'பழசி ராஜா'வுக்காக இளையராஜாவுக்குப் போனது. அவருடைய ஆயிரமாவது படமாக 2016-இல் வந்த 'தாரை தப்பட்டை'க்கும் அதே பிரிவில்தான் தேசிய விருது கிடைத்தது.

ஆனால் முடிவெடுக்கும் துணிவு என்று ஒன்று அன்று கூடத்தில் இருந்தது. ஐம்பது பேர் காத்திருக்கும்போது இசையமைப்பாளர் தயங்க முடியாது. இந்தக் காட்சிக்கு ஒற்றைக் குழல் போதும் என்று அவர் தீர்மானித்தால் அதுவே கடைசித் தீர்மானம். இயக்குநரும் அந்த இடத்தில் அவரை நம்பினார். திருத்தம் செய்யும் வசதி எல்லையற்றதாக ஆன பிறகு அந்த நம்பிக்கை மெலிந்துவிட்டது. மாற்ற முடிகிறது என்பதற்காகவே மாற்றப்படும் இசை ஏராளம். அமைதியாக விடப்பட்டிருக்க வேண்டிய காட்சிகளில் இசை நிரம்பி வழிவதற்கும் இது ஒரு காரணம்.

தொலைக்காட்சி இந்தத் தொழிலுக்கு இன்னொரு கிளையைக் கொடுத்தது. சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15 அன்று தொடங்கியது. தொடர்களுக்கு இசையமைப்பது என்ற வேலை பரவலானது எண்பதுகளில். ஆர்.கே. நாராயணின் கதைகளை சங்கர் நாக் 'மால்குடி டேஸ்' என்று தூர்தர்ஷனுக்குத் தொடராக எடுத்தபோது இசையமைத்தவர் எல். வைத்தியநாதன். 'ஏழாவது மனிதன்' படத்தில் பாரதியின் பாடல்களுக்கு இசையமைத்தவர், 'பேசும் படம்' என்ற வசனமே இல்லாத படத்துக்கு இசையால் பேசியவர், ஒரு சிற்றூரின் வாழ்க்கையைச் சில நொடி முகப்பிசைக்குள் கொண்டுவந்தார். இன்றும் அந்த இசையைக் கேட்டதும் மால்குடி கண்முன் வருகிறது. இளையராஜாவின் வயலின் குழுவில் முதன்மையானவராக இருந்த வி.எஸ். நரசிம்மன், 'அச்சமில்லை அச்சமில்லை' போன்ற படங்களோடு, கே. பாலசந்தரின் 'ரயில் சினேகம்' போன்ற தொடர்களுக்கும் இசையமைத்தார். பதின்மூன்று வாரத் தொடருக்கும் படத்துக்குக் கொடுக்கும் அக்கறையைக் கொடுத்த காலம் அது.

1993-இல் சன் தொலைக்காட்சி வந்து, பின்னர் நெடுந்தொடர்கள் தினமும் ஓடத் தொடங்கியதும் கணக்கு மாறியது. முகப்புப் பாடல் ஒரு தனிக் கலையாக வளர்ந்தது. 'சித்தி', 'மெட்டி ஒலி' ஆகியவற்றின் முகப்புப் பாடல்களால் தீனா வீட்டுக்கு வீடு தெரிந்தவர் ஆனார். தொலைக்காட்சியில் தொடங்கிய டி. இமான் திரைப்படத்தின் முன்னணிக்குப் போனார். ஆனால் வாரத்துக்கு ஐந்தாறு நாள் ஓடும் தொடரின் ஒவ்வொரு காட்சிக்கும் புதிதாக எழுதி வாசிக்க நேரமும் இல்லை, பணமும் இல்லை. சோகத்துக்கு ஒன்று, அதிர்ச்சிக்கு ஒன்று, வில்லி திரும்பிப் பார்ப்பதற்கு ஒன்று என்று முன்பே செய்து வைத்த துண்டுகளை எடுத்துப் பொருத்தும் பழக்கம் வந்தது. இணையத் தொடர்கள் இதை ஓரளவு நேர் செய்திருக்கின்றன. 2022-இல் வந்த 'சுழல்' தொடருக்கு சாம் சி.எஸ். செய்தது படத்துக்குச் செய்யும் வேலை. எட்டு அத்தியாயங்களுக்கும் தொடர்ந்து வளரும் ஒரே இசை. தொலைக்காட்சி இசை தன் பழைய மரியாதையை இந்த வழியாக மீட்டுக்கொண்டிருக்கிறது.

கேட்பவர்களின் எண்ணிக்கையைச் சொல்லத் தொடங்கினால் பழைய எண்கள் சிறுத்துவிடும். இசைத்தட்டு வாங்க வசதியுள்ள வீடுகள் ஒரு தெருவுக்கு ஒன்றிரண்டுதான் இருந்தன. மற்றவர்களுக்கு இலங்கை வானொலியும் விவித் பாரதியும் திருமண வீட்டு ஒலிபெருக்கியும். யுவன் சங்கர் ராஜா இசையமைத்த 'மாரி 2' படத்தின் பாடல் ஒன்று 2020-இல் யூடியூபில் நூறு கோடிப் பார்வைகளைத் தாண்டியது. ஜி. ராமநாதனின் வாழ்நாள் முழுவதற்கும் இப்படி ஓர் எண்ணைக் கற்பனை செய்திருக்க முடியாது. ஆனால் ஒரு பாட்டை மறுபடி கேட்க நேயர் விருப்பத்துக்கு அஞ்சலட்டை எழுதிக் காத்திருந்தவருக்கு, அந்தப் பாட்டின் இடையிசை வரைக்கும் மனப்பாடம். நூறு கோடியைத் தொட்ட பாடலும் அடுத்த பருவத்தில் வேறொன்றுக்கு இடம் விடுகிறது.

பணத்தில் அன்றைய நிலை நியாயமானதல்ல. படத்துக்கு இவ்வளவு என்று பேசிக் கொடுப்பதோடு சரி. பாட்டு முப்பது வருடம் ஒலித்தாலும் அதைச் செய்தவருக்கு ஒன்றும் வராது. வாத்தியக் கலைஞர்களின் நிலை அதைவிட மோசம். அவர்களைச் சங்கமாக்கி, கால்ஷீட்டுக்கு இன்ன ஊதியம் என்று நிலைநிறுத்தப் பாடுபட்டவர்களில் முன்னால் நின்றவர் இசையமைப்பாளர் எம்.பி. சீனிவாசன். 2012-இல் திருத்தப்பட்ட காப்புரிமைச் சட்டம், பாடலாசிரியரும் இசையமைப்பாளரும் தங்கள் ராயல்டிப் பங்கை எழுதிக் கொடுத்துவிட முடியாது என்று சொன்னது. சொந்தப் பாடல்களின் உரிமைக்காக இளையராஜா நடத்தும் வழக்குகளைப் பற்றி எவருக்கும் எந்தக் கருத்தும் இருக்கலாம். ஆனால் ஒரு மெட்டு யாருக்குச் சொந்தம் என்ற கேள்வியைத் தமிழ்நாடு முழுக்கப் பேச வைத்தவர் அவரே. இன்று தொழிலுக்கு வரும் இளைஞர் ஒப்பந்தத்தைப் படித்துப் பார்த்துக் கையெழுத்திடுகிறார். இது உறுதியான முன்னேற்றம்.

அந்தச் சட்டம் தொடாத ஆட்கள் கூடத்தில் இருந்தார்கள். வாசித்தவர்கள். அவர்களின் பெயர் இசைத்தட்டிலும் இல்லை, படத்தின் தலைப்பிலும் இல்லை. ரகுமான் தன் ஒலிநாடாக்களிலும் குறுந்தகடுகளிலும் வாத்தியக் கலைஞர்களின் பெயரை அச்சிட்டபோது அது புதிய மரியாதையாக இருந்தது. கொடுமை என்னவென்றால், பெயர் அச்சாகத் தொடங்கிய அதே ஆண்டுகளில்தான் வேலையும் குறையத் தொடங்கியது. பதினைந்து வயலின்களை ஒரு கீபோர்டு ஏற்றுக்கொண்டது. பிறகு அந்த வயலின்களை உலகின் சிறந்த குழுக்களிடம் வாசிக்கச் சொல்லிச் சேமித்த ஒலிமாதிரிகள் கணினியில் வந்தன. பெரிய பட்ஜெட் படத்துக்கு நிஜ இசைக்குழு வேண்டுமென்றால் புடாபெஸ்ட்டிலும் மாசிடோனியாவிலும் வாசிக்கச் சொல்லிச் சென்னையிலிருந்து இணையம் வழியாகக் கேட்கிறார்கள். 'ஹே ராம்' படத்துக்காக இளையராஜா புடாபெஸ்ட் போனது அப்போது பெரிய செய்தி. இன்று அது வழக்கமான செலவுக் கணக்கு. அங்கே துல்லியமான குழுக்கள் இருக்கின்றன, விலையும் கட்டுப்படியாகிறது. இங்கேயோ, வாகினியும் விஜயாவும் இருந்த வடபழனி நிலத்தில் மருத்துவமனையும் வணிக வளாகமும் நிற்கின்றன. நாற்பது ஆண்டுகளுக்கு மேல் வேலை செய்த பிரசாத் ஸ்டூடியோவிலிருந்து இளையராஜா விலகி, 2021-இல் தனக்கென்று ஒரு கூடத்தை அமைத்துக்கொண்டார். நாற்பது பேர் உட்கார இடமுள்ள கூடங்கள் சென்னையில் சிலவே மிச்சம்.

2024-இல் இன்னொரு எல்லையும் தாண்டப்பட்டது. 'லால் சலாம்' பாடல் ஒன்றில், மறைந்துவிட்ட பம்பா பாக்யா, சாகுல் ஹமீது இருவரின் குரலையும் செயற்கை நுண்ணறிவால் ரகுமான் திரும்ப ஒலிக்கச் செய்தார். குடும்பத்தாரின் சம்மதம் பெற்று, ஊதியமும் கொடுத்துச் செய்ததாக வெளிப்படையாகச் சொன்னார். அதே ஆண்டு, அந்த ஜனவரியில் மறைந்த தன் சகோதரி பவதாரிணியின் குரலை யுவன் ஒரு பாடலில் கொண்டுவந்தார். அன்பாலும் மரியாதையாலும் செய்யப்பட்டவைதான் இரண்டும். ஆனால் பாடுபவர் அறையில் இல்லாமலே பாட்டு என்ற நிலையிலிருந்து, பாடுபவர் உலகிலேயே இல்லாமல் பாட்டு என்ற நிலைக்கு இந்தத் தொழில் வந்திருக்கிறது. அடுத்து வருபவர்கள் எல்லோரும் சம்மதம் கேட்பார்கள் என்று நம்ப முடியாது. அதற்கான விதிகளைச் சங்கங்களும் சட்டமும் இப்போதே எழுதியாக வேண்டும்.

எது கிடைத்தது, எது போயிற்று என்று கூட்டிக் கழித்தால் எனக்குத் தோன்றுவது இது. நுழைவுரிமையும் சட்ட உரிமையும் ஒலியின் தரமும் திருத்தும் வசதியும் கிடைத்தன. இவற்றில் எதையும் விட்டுக்கொடுக்கத் தேவையில்லை. போனது, ஒரு தலைமுறை அடுத்த தலைமுறைக்குக் கையோடு கை கற்றுக்கொடுத்த இடம். விசுவநாதனும் இளையராஜாவும் ரகுமானும் முதலில் வேறொருவரின் குழுவில் ஓர் ஆளாக இருந்தவர்கள். தலைவனாகும் முன் குழுவில் ஒருவனாக இருந்தது அவர்கள் இசையில் கேட்கிறது. வாசிப்பவரின் விரலும் மூச்சும் தெரிந்தவர்கள் எழுதிய இசை அது. ரகுமான் 2008-இல் கே.எம். இசைக் கல்லூரியைத் தொடங்கியதும், வசதியற்ற வீட்டுப் பிள்ளைகளுக்குப் பயிற்சி கொடுத்து சன்ஷைன் ஆர்கெஸ்ட்ராவை உருவாக்கியதும் இந்த இழப்பை உணர்ந்தவர் செய்த காரியங்கள். இளையராஜா 2025 மார்ச்சில் லண்டனில் தன் சிம்பொனியை ராயல் ஃபில்ஹார்மானிக் இசைக்குழுவை வைத்து அரங்கேற்றியபோது தமிழர்கள் பெருமைப்பட்டார்கள், பெருமைப்பட வேண்டியதுதான். அதை அவர் எழுதக் கற்றது சென்னை வயலின் கலைஞர்களின் நடுவில் என்பதையும் சேர்த்து நினைக்க வேண்டும்.

கோடிக்கணக்கில் செலவாகும் ஒரு படத்தில், உள்ளூர்க் கலைஞர்கள் இருபது பேரை ஒரே அறையில் உட்காரவைத்து இரண்டு நாள் வாசிக்கச் சொல்வதற்கு ஆகும் தொகை மிகச் சிறியது. தயாரிப்பாளர்கள் அதற்கு ஒரு பங்கு ஒதுக்கட்டும். இசையமைப்பாளர்கள் அதைக் கேட்டு வாங்கட்டும். வாசித்தவர்களின் பெயர்கள் படத்திலும் செயலிகளிலும் முழுதாக வரட்டும். கணினியோடு வளர்ந்த இளைஞர்கள் அங்கே வந்து இசைத்தாளைப் படியெடுத்துக் கொடுக்கட்டும். நாளைக்கு அவர்கள் எழுதப்போகும் இசைக்கு அதைவிட நல்ல முதலீட்டைத் தமிழ் சினிமா செய்துவிட முடியாது.